ஒஷீன்: ஓர் ஐரிஷ் ஆண் குழந்தைப் பெயரைப் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

அயர்லாந்தில் இன்றும் ஆண் பிள்ளைகளுக்கு விரும்பிச் சூட்டப்படும் பழம்பெயர்களில் ஒன்று ஒஷீன். பெயர்ப் பட்டியல்களில் இதற்கு ‘மான்குட்டி’ என்ற ஒற்றைச் சொல்லே பொருளாகத் தரப்படுகிறது. அது தவறன்று. ஆனால் அந்த மான்குட்டி யாருடைய பிள்ளை, பிற்காலத்தில் அவனுக்கு என்ன நேர்ந்தது என்பதை அறியாமல் இப்பெயரை வைத்தால் பாதிப் பெயரைத்தான் வைத்ததாகும். மற்றப் பாதியையும் சொல்வதற்காகவே இந்தக் கேள்வி பதில்கள்.

ஒஷீன் என்ற பெயரின் நேர்ப்பொருள் என்ன?

பழைய ஐரிஷ் மொழியில் ‘ஒஸ்’ என்றால் மான். அதனோடு சிறுமையையும் செல்லத்தையும் ஒருங்கே குறிக்கும் ‘ஈன்’ என்னும் விகுதி சேர்ந்து ‘ஒஷீன்’ ஆனது. தமிழில் ‘மான்மறி’ என்று சொல்கிறோமே, ஏறக்குறைய அதுதான். இன்றைய ஐரிஷ் பேச்சில் மானுக்கு வழங்கும் சொல் ‘ஃபீயா’. ‘ஒஸ்’ பழைய இலக்கியத்திலும் சில ஆட்பெயர்களிலும் ஒதுங்கிவிட்டது.

விலங்கின் பெயரோடு செல்ல விகுதியைச் சேர்த்துப் பிள்ளைக்குச் சூட்டுவது ஐரிஷ் மக்களின் பழைய வழக்கம். கடல்நாயைக் குறிக்கும் ‘ரோன்’ என்னும் சொல்லிலிருந்து ரோனான் என்ற பெயரும், ஓநாயைக் குறிக்கும் சொல்லிலிருந்து ஃபீலான் என்ற பெயரும் பிறந்தன. ‘ஒஸ்’ என்பதிலிருந்தே பெண்பால் விகுதியோடு ஒஸ்னத் என்ற பெயரும் பழங்காலத்தில் வழங்கியது.

அயர்லாந்தின் தென்மேற்கில் கில்லார்னி மலைகளில் இன்றும் செம்மான்கள் திரிகின்றன. கோடையின் தொடக்கத்தில் ஈனப்படும் குட்டி, உடலில் வெண்புள்ளிகளோடு, முதல் சில நாள்கள் புதருக்குள் அசையாமல் படுத்திருக்கும். தாய் சற்றுத் தொலைவில் மேய்ந்துவிட்டுப் பால் கொடுக்க மட்டும் திரும்பி வரும். இந்தப் பெயருக்குப் பின்னால் உள்ள கதையைக் கேட்டவர்களுக்கு இந்தக் காட்சி வெறும் விலங்கியல் செய்தியாக இராது.

இதை எப்படி உச்சரிக்க வேண்டும்?

எழுத்துக்கூட்டிப் படித்தால் ‘ஒய்சின்’ என்றோ ‘ஆய்சின்’ என்றோ வாயில் வரும். இரண்டும் பிழை. அயர்லாந்தின் வடக்கிலும் மேற்கிலும் முதல் அசையை அழுத்தி ‘ஒஷீன்’ என்பார்கள். ஆங்கிலம் பேசுவோர் வாயில் அந்த முதல் உயிர் ‘அ’வை நோக்கிச் சாய்ந்து ‘அஷீன்’ போலவும் கேட்கும். தெற்கே மன்ஸ்டர் பகுதியில் அழுத்தம் இரண்டாம் அசைக்குப் போய்விடும். இவற்றில் ஒன்று சரி, மற்றது தவறு என்று சொல்ல இடமில்லை. பிள்ளையின் குடும்பம் எந்தப் பகுதியைச் சேர்ந்ததோ அந்தப் பகுதியின் ஒலியே அப்பிள்ளைக்குரியது.

இங்கே ‘ஷ’ எங்கிருந்து வந்தது என்பதைத் தெரிந்துகொண்டால் வேறு பல ஐரிஷ் பெயர்களும் கைவந்துவிடும். ஐரிஷ் மொழியில் மெய்யெழுத்துகள் ஒவ்வொன்றும் அகன்றது, மெல்லியது என இரு வகையாக ஒலிக்கும். அருகில் ‘ஐ’ அல்லது ‘ஈ’ என்னும் ரோமன் உயிரெழுத்து நின்றால் அந்த மெய் மெல்லியது. மெல்லிய ‘எஸ்’ எப்போதும் ‘ஷ’ போல ஒலிக்கும். ஒஷீன் என்பதன் எழுத்துகள் ஓ, ஐ, எஸ், ஐ, என் ஆகியவை. அவற்றில் முதல் ‘ஐ’ தனியாக ஒலிப்பதில்லை. அடுத்து வரும் ‘எஸ்’ மெல்லியது என்று காட்டுவதற்காகவே அது அங்கே நிற்கிறது. ஷான் என்ற பெயரில் ‘எஸ்’ஸுக்கு அடுத்து நிற்கும் ‘ஈ’ செய்யும் வேலையும் இதுதான்.

இரண்டாவது ‘ஐ’யின் மேல் உள்ள சாய்கோடு கட்டாயமா?

கட்டாயம் என்றே நான் சொல்வேன். ‘ஃபாடா’ எனப்படும் அந்தக் கோட்டுக்கு ‘நீண்டது’ என்று பொருள். குறில் நெடில் வேறுபாட்டோடு வளர்ந்த நமக்கு இதை விளக்க வேண்டிய தேவையே இல்லை. ‘இ’க்கும் ‘ஈ’க்கும் உள்ள வேறுபாட்டை ஐரிஷ் மொழி அந்த ஒரு கோட்டால் காட்டுகிறது. கோட்டை எடுத்துவிட்டால் ஒலி மாறும். சில சொற்களில் பொருளும் மாறிவிடும். ஷான் என்ற பெயரின் கோட்டை எடுத்தால் எஞ்சும் சொல்லுக்குப் ‘பழைய’, ‘வயதான’ என்று பொருள். ‘படம்’ என்பதையும் ‘பாடம்’ என்பதையும் ஒன்றுதான் என்று தமிழரிடம் யாரேனும் சொன்னால் எப்படி இருக்கும் என்று எண்ணிப் பார்த்தால், ஐரிஷ் மக்கள் இந்தக் கோட்டுக்காக அலுவலகங்களோடு ஏன் வாதாடுகிறார்கள் என்பது விளங்கும்.

நடைமுறையில் ஒரு செய்தியை நினைவில் வைப்பது நல்லது. கடவுச்சீட்டின் அடியில் இயந்திரம் படிப்பதற்காக அச்சிடப்படும் வரிகளில் பெயரை எழுத மேற்குறி இல்லாத இருபத்தாறு ரோமன் எழுத்துகளுக்கு மட்டுமே இடமுண்டு. ஆகவே அந்த வரியில் கோடு இல்லாமல் பெயர் தெரிந்தால் அது பதிவுப் பிழையன்று. பிறப்புப் பதிவில் கோடு இருக்கிறதா என்பதையே பார்க்க வேண்டும்.

கதையில் வரும் ஒஷீன் யார்?

அயர்லாந்தின் புகழ்பெற்ற வீரன் ஃபின் மக்கூலின் மகன். ஃபினும் அவனுடைய ‘ஃபியனா’ என்னும் வீரர் கூட்டமும் காடு மேடெல்லாம் வேட்டையாடியும் போரிட்டும் வாழ்ந்த கதைகள் ஐரிஷ் மரபில் தனிப் பெருந்தொகுதியாக உள்ளன. அத்தொகுதியில் ஒஷீன் வீரன் மட்டுமல்லன், கவிஞனும் ஆவான். ஃபியனாவைப் பற்றிய பாடல்களில் பல அவன் வாய்மொழியாகவே அமைந்துள்ளன.

அவன் பிறப்பைப் பற்றிப் பரவலாகச் சொல்லப்படும் கதை இது. ஸைவ் என்னும் பெண், தன்னை விரும்பிய மந்திரவாதி ஒருவனை மறுத்தாள். ‘இருண்ட மனிதன்’ என்று பொருள்படும் பெயர் கொண்ட அவன் அவளை மானாக மாற்றிவிட்டான். ஃபின் வேட்டைக்குப் போனபோது நாய்கள் எல்லாம் அந்த மானைத் துரத்தின. ஆனால் அவனுடைய பிரான், ஸ்கோலன் என்னும் இரு நாய்கள் மட்டும் அதைக் கடிக்காமல் அதன் முகத்தையும் கழுத்தையும் நக்கிக்கொண்டு நின்றன. ஃபின் மானைத் தன் கோட்டைக்கு அழைத்து வந்தான். கோட்டை எல்லைக்குள் மந்திரம் பலிக்காததால் மான் பெண்ணானது. இருவரும் மணந்துகொண்டார்கள். பின்னர் ஃபின் போருக்குப் போயிருந்த வேளையில், ஃபினைப் போலவும் அவன் நாய்களைப் போலவும் பொய்த்தோற்றம் காட்டி மந்திரவாதி ஸைவை வாசலுக்கு வெளியே வரவழைத்தான். கருவுற்றிருந்த அவள் கணவன் வந்துவிட்டான் என்று ஓடினாள். வெளியே கால் வைத்ததும் மீண்டும் மானாகிவிட்டாள்.

ஏழு ஆண்டுகள் ஃபின் அவளைத் தேடினான். ஸ்லைகோ மாவட்டத்தில் உள்ள பென்பல்பின் மலைச்சரிவில் ஒரு நாள், அவனுடைய நாய்கள் நீண்ட முடியோடு ஆடையின்றி நின்ற ஒரு சிறுவனைச் சுற்றிக் காவல் நின்றன. ஒரு பெண்மான் தன்னை வளர்த்ததாகவும், இருண்ட மனிதன் ஒருவன் அதை இழுத்துப் போனதாகவும் பேச்சுப் பழகிய பின் அச்சிறுவன் சொன்னான். ஃபின் அவனுக்கு ஒஷீன் என்று பெயரிட்டான். தாய்மான் நக்கிய இடத்தில் அவன் நெற்றியில் மானின் மயிர் சிறு கற்றையாக முளைத்திருந்தது என்றும் நாட்டார் கதைகள் சொல்லும். என்னைப் பொறுத்தவரை இப்பெயரின் பொருள் அந்த நெற்றிக் கற்றையில்தான் இருக்கிறது: இழந்த தாயின் தடம் பிள்ளையின் உடம்பிலும் பெயரிலும் தங்கிவிட்டது.

கதை இவ்வளவு விரிவாக இருந்தாலும் பழைய நூல்கள் எல்லாம் ஒரே மாதிரி சொல்வதில்லை. இடைக்கால நூலொன்றில் தாயின் பெயர் ஸைவ் அன்று, ப்ளா. அவளும் மனித உலகைச் சேர்ந்தவள் அல்லள். மண்மேட்டுக்குள் வாழும் தேவகணத்தைச் சேர்ந்தவள்.

டீர் ந நோக் என்பது என்ன? அதற்கும் இப்பெயருக்கும் என்ன தொடர்பு?

‘இளமையோரின் நாடு’ என்று அதற்குப் பொருள்; மூப்பும் நோயும் சாவும் இல்லாத மேற்குக் கடலுக்கப்பாற்பட்ட உலகம். ஒஷீன் என்ற பெயரைச் சொன்னதும் அயர்லாந்தில் பள்ளிக் குழந்தைக்கும் நினைவுக்கு வருவது இந்தக் கதைதான். ஃபியனா வீரர்கள் கில்லார்னியின் லேன் ஏரிக்கரையில் வேட்டையாடிக்கொண்டிருந்தபோது, பொன்முடி நீவ் என்னும் இளவரசி வெண்புரவி ஏறி வந்து, ஒஷீனைத் தன்னோடு வரும்படி அழைத்தாள். அவன் போனான். அங்கே மணந்து, பிள்ளைகளும் பெற்றான். சில காலம் கழித்துத் தந்தையையும் தோழர்களையும் ஒருமுறை பார்த்துவர ஆசைப்பட்டான். போகலாம், ஆனால் குதிரையை விட்டு இறங்கக் கூடாது, கால் மண்ணில் படக் கூடாது என்று நீவ் சொல்லி அனுப்பினாள்.

சில காலம் என்று அவன் எண்ணியது அயர்லாந்தில் முந்நூறு ஆண்டுகளாகியிருந்தது. ஃபின் வாழ்ந்த ஆலன் குன்றில் கோட்டை இருந்த இடத்தில் களையும் முட்செடியும் மண்டிக் கிடந்தன. டப்ளினுக்குத் தெற்கே க்ளெனஸ்மோல் பள்ளத்தாக்கில் ஆள்கள் பலர் சேர்ந்தும் ஒரு பாறையை நகர்த்த முடியாமல் தவித்துக்கொண்டிருந்தார்கள். அவர்கள் அளவில் சிறுத்துப்போன மனிதர்களாக அவனுக்குத் தெரிந்தார்கள். இரக்கப்பட்டுக் குதிரையிலிருந்து குனிந்து ஒரு கையால் பாறையைப் பெயர்த்தெறிந்தான். சேணத்தின் வார் அறுந்தது, கீழே விழுந்தான். மண்ணைத் தொட்ட கணத்தில் பார்வையற்ற கிழவனானான். குதிரை திரும்பிப் பாராமல் கடலை நோக்கி ஓடிவிட்டது.

இந்தக் கதை எவ்வளவு பழமையானது?

இரண்டு அடுக்குகளைப் பிரித்துப் பார்க்க வேண்டும். சுமார் கி.பி. 1200-ஐ ஒட்டித் தொகுக்கப்பட்ட ‘முதியோர் உரையாடல்’ என்னும் பெருநூலில் ஒஷீனும் அவன் தோழன் கீல்ச்சவும் ஃபியனா அழிந்த பின்னும் நெடுங்காலம் உயிர்வாழ்ந்து, கிறித்தவத்தைப் பரப்ப வந்த புனித பேட்ரிக்கின் காலம்வரை வருகிறார்கள். ஆனால் அங்கே டீர் ந நோக் பயணம் இல்லை. மேலே சொன்ன வடிவத்தை இன்றைய வாசகர்களுக்கு நிலைநிறுத்தியது, கிளேர் மாவட்டத்தைச் சேர்ந்த மீஹால் கோமீன் என்னும் புலவர் 1750-ஐ ஒட்டி ஐரிஷ் மொழியில் இயற்றிய கதைப்பாடல். டப்ளினில் 1853-இல் தொடங்கப்பட்ட ‘ஒஸியானிக் சொசைட்டி’ இத்தகைய பாடல்களை மூலமும் ஆங்கில மொழிபெயர்ப்புமாக அச்சிட்டது. இந்தப் பாடல் 1859-இல் வெளிவந்தது. டபிள்யூ.பி. யேட்ஸ் 1889-இல் வெளியிட்ட தம் முதற்பெரும் கவிதைக்கு இக்கதையையே எடுத்துக்கொண்டார்.

இடைப்பட்ட காலத்தில் இப்பாடல்கள் எப்படிப் பிழைத்தன என்பதும் மனத்தைத் தொடும் வரலாறு. 1626, 1627 ஆண்டுகளில், இன்றைய பெல்ஜியத்தின் ஆஸ்டெண்ட் நகரில், தாயகத்தைவிட்டு அயல்நாட்டுப் படையில் பணியாற்றிய சோர்லி மக்டானல் என்னும் ஐரிஷ் தளபதி, ஃபின் பாடல்களைத் தமக்காக ஒரே ஏட்டில் எழுதித் தரச் செய்தார். ஊரை இழந்தவன் ஒருவன் ஒஷீனின் பாடல்களைக் கேட்டு வாங்கி வைத்துக்கொண்டதில் வியப்பில்லை.

ஒஷீனும் புனித பேட்ரிக்கும் உரையாடியதாகச் சொல்கிறார்களே?

ஆம். பிற்காலப் பாடல்களில் கிழவன் ஒஷீன் பேட்ரிக்கின் மடத்தில் உண்டு உறங்கிக்கொண்டு அவரோடு ஓயாமல் வாதாடுகிறான். மணியோசையைவிடக் காட்டுக் கருங்குருவியின் பாட்டு இனிது என்கிறான். தன் தந்தையையும் தோழர்களையும் சேர்க்காத சொர்க்கம் தனக்கு எதற்கு என்று கேட்கிறான். அவற்றை ஓதியவர்களும் கேட்டவர்களும் கிறித்தவர்களே. ஆயினும் கிழவனின் பக்கத்து வாதத்தை அவர்கள் வலுக்குறைத்துப் பாடவில்லை.

வாய்மொழிக் கதையொன்றும் உண்டு. பேட்ரிக்கின் சமையற்காரி தனக்குப் போதிய சோறு போடவில்லை என்று ஒஷீன் குறைப்பட்டான். “நீ கொடுக்கும் ரொட்டியைவிடப் பெரிய கொடியிலையையும், நீ வைக்கும் வெண்ணெயைவிடப் பெரிய ரோவன் பழத்தையும், நீ தரும் இறைச்சியைவிடப் பெரிய குருவிக்காலையும் என் காலத்தில் கண்டிருக்கிறேன்” என்றான். அவள் நம்பவில்லை. பார்வையற்ற கிழவன் வழிகாட்டும் சிறுவனையும் ஒரு நாயையும் கூட்டிக்கொண்டு போய், அந்த இலையையும் பழத்தையும் காலையும் கொண்டுவந்து அவள் முன் வைத்தான்.

இங்கே ஒரு திருத்தம் சொல்லியாக வேண்டும். ‘எங்கள் நெஞ்சில் உண்மை, கையில் வலிமை, நாவில் சொன்ன சொல் காத்தல்’ என்று ஃபியனாவின் வாழ்க்கைநெறியைக் கூறும் புகழ்பெற்ற மறுமொழியை ஒஷீன் சொன்னதாகப் பலர் எழுதுகிறார்கள். ‘முதியோர் உரையாட’லில் பேட்ரிக்குக்கு அந்த மறுமொழியைத் தருபவன் கீல்ச்ச.

கதைப்பாத்திரம் தவிர, பழங்காலத்தில் உண்மை மனிதர்களுக்கு இப்பெயர் இருந்ததா?

இருந்தது. அப்போது அது ‘ஒஸ்ஸேனே’ என்பதை ஒத்த வடிவில் எழுதப்பட்டது. ஏழாம் நூற்றாண்டில் க்ளோனார்ட் மடத்தின் தலைவர் ஒருவர் இப்பெயரினர். அயோனா மடத்தின் தலைவர் அதம்னான் அந்நூற்றாண்டின் இறுதியில் எழுதிய புனித கொலும்பாவின் வரலாற்றில், ஒரு நிகழ்ச்சியைத் தமக்குச் சொன்னவர் என இப்பெயர் கொண்ட துறவி ஒருவரைக் குறிப்பிடுகிறார். ஆகவே சமயநெறிப்படி வாழும் குடும்பங்கள், இது பழைய வீரக்கதைப் பெயர் மட்டுமே என்று தயங்க வேண்டியதில்லை.

ஒஸியன், ஆஸ்கர் ஆகியவையும் இதே பெயரா?

ஒஸியன் இதே பெயரின் ஸ்காட்லாந்து வழி வந்த வடிவம். ஜேம்ஸ் மக்ஃபெர்சன் என்பவர் 1760 முதல் 1763 வரை, பழங்கவி ஒஸியன் ஸ்காட்லாந்தின் கேலிக் மொழியில் பாடியவற்றின் மொழிபெயர்ப்பு என்று சொல்லிச் சில நூல்களை வெளியிட்டார். மரபுவழிப் பாடல்களின் துணுக்குகள் அவற்றில் இருந்தபோதிலும் பெரும்பகுதி அவரே புனைந்தது. ஆங்கில எழுத்தாளர் சாமுவேல் ஜான்சன் அப்போதே அவற்றை ஏற்க மறுத்தார். இருந்தும் ஐரோப்பா முழுவதும் அவற்றில் மயங்கியது. நெப்போலியன் அவற்றை விரும்பிப் படித்தார். வேல்ஸில் இன்று வழங்கும் ஒஷன் என்ற பெயரும் இதே சொல்தான்.

ஆஸ்கர் வேறு பெயர். ஆனால் உறவுப் பெயர். கதையில் ஒஷீனின் மகன் ஆஸ்கர். ‘மானின் நண்பன்’ என்று பொதுவாகப் பொருள் சொல்கிறார்கள். நெப்போலியன் 1799-இல் பாரிஸில் பிறந்த தம் ஞானமகனுக்கு இப்பெயரைச் சேர்த்தார். அந்தப் பிள்ளை 1844-இல் முதலாம் ஆஸ்கர் என்ற பெயரில் ஸ்வீடன் மன்னரானார். டப்ளினில் 1854-இல் பிறந்த எழுத்தாளர் ஆஸ்கர் வைல்டின் முழுப்பெயரில் ஃபிங்கல் என்பதும் உண்டு. அது மக்ஃபெர்சன் நூலில் ஃபினுக்கு உள்ள பெயர். அண்ணன் தம்பியருக்கு ஒஷீன், ஆஸ்கர் என்று வைப்பவர்கள் கதைப்படி தந்தை மகன் பெயர்களை வைக்கிறார்கள் என்பதை அறிந்து வைத்தால் போதும். அதில் குறையேதும் இல்லை.

இப்பெயர் கொண்ட இக்காலத்தவர் யார்?

டப்ளின் நினைவுத் தோட்டத்தில் அன்னங்களாக மாறும் பிள்ளைகளின் வெண்கலச் சிலையை வடித்த சிற்பி ஒஷீன் கெல்லி (1915–1981). 2002-இல் ஆர்மா மாவட்டம் முதன்முறையாக அகில அயர்லாந்து கேலிக் கால்பந்துப் பட்டம் வென்றபோது இறுதியாட்டத்தில் கோல் அடித்த ஒஷீன் மக்கான்வில். கில்லார்னியில் பிறந்து பிரிட்டனின் குதிரைப்பந்தயச் சாம்பியனான ஒஷீன் மர்ஃபி. டீர் ந நோக் கதையின் லேன் ஏரி இருக்கும் அதே ஊரில் பிறந்த ஒஷீன் குதிரையேறிப் புகழ்பெற்றதை அவ்வூர்க்காரர்கள் பெருமையோடு சொல்லிக்கொள்ளலாம்.

சோகமான பெயர் என்று உறவினர் தயங்குகிறார்கள். வைக்கலாமா?

தயக்கத்துக்குக் காரணம் உண்டு. ‘ஃபியனாவுக்குப் பின் ஒஷீனைப் போல’ என்பது ஐரிஷ் மொழியில் வழங்கும் தொடர். உற்றார் எல்லோரும் போனபின் தனித்து எஞ்சியவரைக் குறிக்க அதைச் சொல்வார்கள். துணையை இழந்த முதியவர்கள் தம்மைப் பற்றியே இப்படிச் சொல்லிக்கொள்வது உண்டு.

ஆனாலும் அந்த எஞ்சியவன் இருந்திராவிட்டால் ஃபின் யார், ஃபியனா எப்படி வாழ்ந்தது என்று சொல்ல ஒருவரும் இருந்திருக்க மாட்டார்கள். கதையில் அவன் விழுந்ததும் பேராசையால் அன்று; முன்பின் தெரியாதவர்களின் சுமையைத் தூக்கிவிட்டதால். பிள்ளைக்கு வைக்க இதைவிடக் கனிவான காரணம் கொண்ட பெயர்கள் அதிகம் இல்லை என்பது என் துணிபு.

ஒஷீனின் கல்லறை என்று ஏதேனும் இடம் உண்டா?

வட அயர்லாந்தின் ஆன்ட்ரிம் மாவட்டத்தில் குஷன்டால் அருகே, க்ளெனான் பள்ளத்தாக்கின் மேட்டில், அரைவட்டமாக நட்ட கற்களோடு ஒரு கற்கல்லறை இருக்கிறது. அதை ஒஷீனின் கல்லறை என்று ஊரார் அழைக்கிறார்கள். ஆய்வாளர் கணக்கில் அது புதிய கற்காலத்தைச் சேர்ந்தது. ஃபின் வாழ்ந்ததாகக் கதை சொல்லும் மூன்றாம் நூற்றாண்டைவிட ஆயிரக்கணக்கான ஆண்டுகள் மூத்தது. அப்பகுதியை நேசித்துப் பாடிய கவிஞர் ஜான் ஹெவிட்டின் நினைவாக அருகிலேயே ஒரு கற்குவியலும் எழுப்பப்பட்டுள்ளது. செங்குத்தான பாதையில் ஏறிப் போக வேண்டும்; சுற்றிலும் ஆட்டு மேய்ச்சல் நிலம்.